தூக்கிலிட்டவரின் கடிதத்தில் கட்டபொம்மன்

வீரபாண்டிய கட்டபொம்மனின் கடைசி நேரத்தைப் பற்றி நமக்குத் தெரிந்தவற்றில் முக்கியமானவை எல்லாம் ஒரே ஆளிடமிருந்து வந்தவை. அந்த ஆள் அவரைத் தூக்கிலிட்ட மேஜர் ஜான் பானர்மேன். 1799 அக்டோபர் 16 அன்று கயத்தாற்றில் தூக்கு நிறைவேறியது. மறுநாளே பானர்மேன் சென்னை அரசுக்குக் கடிதம் எழுதினார். விசாரணை நடந்த நேரம் முழுக்கக் கட்டபொம்மன் அஞ்சாமலும் அலட்சியமாகவும் நின்றார். தன்னைப் பிடித்துக் கொடுக்க முனைந்து வேலை செய்த எட்டயபுரம் பாளையக்காரரையும் சிவகிரிப் பாளையக்காரரையும் அடிக்கடி ஏளனத்தோடு பார்த்தார். தூக்குக்குப் போகும்போது உறுதியான நடை நடந்தார். போகும் வழியில் வாய் பேசாத தம்பியைப் பற்றி மட்டும் கவலைப்பட்டார். மரத்தடிக்கு வந்ததும், கோட்டையை விட்டு வந்தது தவறு, அதைக் காத்து அங்கேயே இறந்திருக்கலாம் என்று வருந்தினார். இத்தனையும் அந்தக் கடிதத்தில் இருக்கிறது.

மேடையிலும் பாடப்புத்தகத்திலும் நாம் கண்ட நிமிர்ந்த நடை, கொன்றவர் தன் மேலதிகாரிகளுக்கு அனுப்பிய அறிக்கையிலிருந்து எடுத்தது. காலனிய ஆட்சி நம் வரலாற்றைத் திரித்து எழுதியது என்று சொல்வது எளிது. அதைவிட ஆழமான சிக்கல் ஒன்று உண்டு. எழுதியது, நகலெடுத்தது, கட்டி அடுக்கிப் பாதுகாத்தது எல்லாம் அவர்களே. நாம் அவர்களை மறுக்க எடுக்கும் சான்றுகூட அவர்கள் அலமாரியிலிருந்துதான் வருகிறது. எனவே அந்தத் தாள் எப்படிப் பிறந்தது, எந்த வழியில் போனது, எங்கே தங்கியது என்பதைத் தெரிந்துகொள்ளாமல் அதிலிருந்து ஒரு வரியைக்கூட எடுத்தாளக் கூடாது என்பது என் உறுதியான கருத்து.

கிழக்கிந்தியக் கம்பெனியின் கடிதம் நடந்த பாதை இது. களத்தில் இருக்கும் படை அதிகாரியோ கலெக்டரோ எழுதுகிறார். கடிதம் குதிரையிலும் தபால் ஓட்டக்காரர்கள் கையிலும் புனித ஜார்ஜ் கோட்டைக்குப் போகிறது. அங்கே கவர்னரும் கவுன்சில் எனப்படும் அவருடைய ஆலோசனைக் குழுவும் கூடும் நாளில் அது வாசிக்கப்படுகிறது. வாசித்த கடிதத்தை எழுத்தர்கள் அன்றைய நடவடிக்கைக் குறிப்பில் அப்படியே நகலெடுக்கிறார்கள். இந்தக் குறிப்புகளைத் தொகுத்துக் கட்டியவைதான் 'கன்சல்டேஷன்ஸ்' எனப்படும் தொகுதிகள். வருவாய், இராணுவம், இரகசியம் என்று துறைவாரியாக அவை பிரியும். இன்னொரு நகல் கப்பலேறி, நன்னம்பிக்கை முனையைச் சுற்றி, ஐந்தாறு மாதம் கழித்து லண்டன் போய்ச் சேரும். கப்பல் மூழ்கிவிடலாம் என்பதால் ஒரே தாள்கட்டின் நகல்களை வேறு வேறு கப்பலிலும் அனுப்புவார்கள். அதனால்தான் சென்னை எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் பூச்சி அரித்த பக்கம், பல நேரங்களில் லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தின் இந்தியா ஆபீஸ் பதிவுகளில் முழுதாகக் கிடைக்கிறது. லண்டன் நகலும் முழுமையானது அல்ல. கம்பெனி ஆட்சி 1858இல் முடிந்த பிறகு, இடம் போதவில்லை என்று அங்கேயும் டன் கணக்கில் பழைய தாள்களைக் கழிவாகத் தள்ளிவிட்டார்கள்.

இந்தப் பாதை தெரிந்தால் தேடுவதில் வரும் முதல் தவறு நீங்கும். ஒவ்வொரு கடிதத்துக்கும் மூன்று தேதிகள் உண்டு: சம்பவம் நடந்த தேதி, கடிதம் எழுதிய தேதி, ஆலோசனைக் குழு அதை எடுத்துக்கொண்ட தேதி. தொகுதிகள் மூன்றாவது தேதியை வைத்தே கட்டப்பட்டிருக்கின்றன. அக்டோபர் 16 சம்பவத்தை அக்டோபர் 16இன் பக்கத்தில் தேடினால் ஒன்றும் இருக்காது. பிந்தைய தேதிகளுக்குப் புரட்ட வேண்டும், சில நேரம் வாரக்கணக்கில். இரண்டாவது தவறு பெயர். அன்றைய எழுத்தர்கள் காதில் விழுந்தபடி எழுதினார்கள். கட்டபோமா நாயக், கட்டபோமியா நாயக் என்றெல்லாம் வரும். அவருடைய பாளையமான பாஞ்சாலங்குறிச்சிக்கும் அரை டஜன் எழுத்துக்கூட்டல் இருக்கும். போதாததற்கு, கட்டபொம்மன் என்பது அந்த வம்சத்தின் பட்டப்பெயர். 1799இல் தூக்கிலிடப்பட்டவரின் பெயர் 1801ஆம் ஆண்டுத் தாளில் உயிரோடு வந்தால் குழம்ப வேண்டியதில்லை. அது அவருடைய தம்பியாக இருக்கும். 1799, 1801 ஆகிய இரண்டு போர்களையும் ஒன்றாகப் போட்டுக் கலக்கிய கட்டுரைகள் ஏராளம். அதற்குக் காரணம் பெரும்பாலும் இதுதான்.

மூன்றாவது தவறு, அச்சில் வந்த துண்டை மட்டும் படிப்பது. பானர்மேன் கடிதத்தின் புகழ்பெற்ற வரிகளைத் தமிழில் எழுதுவோர் பெரும்பாலும் எடுப்பது, பிஷப் கால்டுவெல் 1881இல் வெளியிட்ட திருநெல்வேலி மாவட்ட வரலாற்று நூலிலிருந்து. மூலக் கடிதத்தில் அதற்கு முன்னும் பின்னும் என்ன இருக்கிறது, எந்த ஆணைக்குப் பதிலாக அது எழுதப்பட்டது, கூட என்னென்ன இணைப்புகள் போயின என்பதெல்லாம் அந்தத் துண்டில் தெரியாது.

இனிக் கடிதத்துக்குள் போகலாம். பானர்மேன் யாருக்கு எழுதுகிறார்? தான் செய்ததை ஏற்கவோ கண்டிக்கவோ அதிகாரம் உள்ளவர்களுக்கு. என்ன காட்ட வேண்டும்? தண்டனை நியாயமானது, கூடியிருந்த மற்றப் பாளையக்காரர்கள் மனத்தில் அது பதிந்தது என்று. இந்த நோக்கத்தோடு ஒவ்வொரு வரியையும் உரசிப் பார்க்க வேண்டும். எழுதியவரின் நோக்கத்துக்கு உதவாத செய்திக்கு எடை அதிகம். அதைப் பொய்யாகச் சேர்க்க அவருக்குக் காரணம் இல்லை. உறுதியான நடை அப்படிப்பட்ட செய்தி. எதிரியை இவ்வளவு கம்பீரமாகக் காட்ட வேண்டிய தேவை அவருக்கு இல்லை. ஆனால் 'அலட்சியமாக நின்றார்' என்பது வேறு. கைதி திருந்தாதவர், மன்னிப்புக்கு உரியவர் அல்ல என்று காட்ட அது நன்றாகப் பயன்படும். இரண்டும் ஒரே மூச்சில் எழுதப்பட்டவை. நாம் இரண்டையும் ஒரே கூடையில் போட்டு வீரம் என்கிறோம்.

கோட்டையை விட்டு வந்ததற்கு வருந்திய பேச்சு இன்னும் ஒரு படி தள்ளி இருக்கிறது. தன் காதால் கேட்டதாகப் பானர்மேன் சொல்லவில்லை, தன்னிடம் அப்படிச் சொல்லப்பட்டதாக எழுதுகிறார். மரத்தடியில் நின்றவர் பேசிய மொழி ஒன்று. அதைக் கேட்டு ஆங்கிலத்தில் சொன்னவர் ஒருவர். எழுதியவர் இன்னொருவர். மூன்று கை மாறி வந்த பேச்சை நேரடி வசனமாக மேற்கோள் குறிக்குள் போடுவது சரியில்லை. ஊர் நினைவு அந்த மரத்தைப் புளியமரம் என்கிறது; கடிதத்தில் அது வெறும் மரம். இப்படி ஒவ்வொரு விவரத்துக்கும் பக்கத்தில் அது எங்கிருந்து வந்தது என்று குறித்துக்கொண்டே போனால், பாதி சண்டைகள் தானாக நின்றுவிடும்.

ஒரே ஒரு கடிதத்தை வைத்துக்கொண்டு 'ஆங்கிலேயர் சொன்னார்கள்' என்று முடித்துவிடுவதும் ஆபத்து. கம்பெனிக்குள் எப்போதும் ஒன்றுக்கு மேற்பட்ட குரல்கள் இருந்தன. 1798ஐ எடுத்துக்கொள்வோம். பாஞ்சாலங்குறிச்சி செலுத்த வேண்டிய கிஸ்தி பாக்கி 3,310 பகோடா (அன்றைய பொன் நாணயம்) என்று கலெக்டர் ஜாக்சன் பிடித்துக்கொண்டார். நேரில் வரச் சொல்லிவிட்டுக் குற்றாலம், சிவகிரி, ஸ்ரீவில்லிபுத்தூர் என்று நகர்ந்துகொண்டே போனார். கடைசியில் 1798 செப்டம்பர் 10 அன்று இராமநாதபுரத்தில் சந்திப்பு. கணக்கைச் சரிபார்த்தால் நிலுவை 1,080 பகோடாதான். ஆனாலும் சந்திப்பு கைகலப்பில் முடிந்து லெப்டினன்ட் கிளார்க் கொல்லப்பட்டார். கட்டபொம்மனின் அமைச்சர் சிவசுப்பிரமணிய பிள்ளை பிடிபட்டார்.

ஜாக்சனின் கடிதங்கள் மட்டும் மிஞ்சியிருந்தால் நமக்குக் கிடைப்பது ஒரு கொலைகாரப் பாளையக்காரரின் கதை. ஆனால் கட்டபொம்மன் சென்னைக்கு முறையிட்டார். அரசு பிரவுன், ஓரம், காசமேஜர் என்ற மூவர் கொண்ட குழுவை அமைத்து விசாரித்தது. குழு கட்டபொம்மன் மேல் குற்றமில்லை என்று கண்டது. பிள்ளை விடுவிக்கப்பட்டார். ஜாக்சனின் பதவி போனது. அவர் இடத்துக்கு லஷிங்டன் வந்தார். குழு தீர்ப்புச் சொன்ன மறு ஆண்டே கயத்தாற்றில் மரம் தேடினார்கள் என்பதை நினைத்தால் எனக்கு மனம் ஆறுவதில்லை. வாசிப்பவர் கைக்கொள்ள வேண்டிய முறை இதிலிருந்து கிடைக்கிறது. ஓர் அதிகாரியின் கடிதத்தைப் பார்த்தவுடன் அதற்கு வந்த பதிலையும், அவருக்கு எதிராகப் போன மனுவையும், குழு அறிக்கையையும், கவுன்சில் உறுப்பினர்களின் தனிக் குறிப்புகளையும் தேடுங்கள். மனுக்கள் பெரும்பாலும் இணைப்பாகத்தான் போயிருக்கும். ஓலையிலோ காகிதத்திலோ எழுதிய மூல மனு இருக்காது. மொழிபெயர்ப்பு மட்டும் நகலெடுக்கப்பட்டிருக்கும்.

கட்டபொம்மன் கொள்ளைக்காரர்தான் என்று வாதிடுவோர் ஒரு பக்கம் இன்றும் உண்டு. அவர்களும் காட்டுவது கம்பெனியின் தாள்களையே. அந்தத் தாள்களில் கொள்ளை என்ற குற்றச்சாட்டு உண்மையிலேயே திரும்பத் திரும்ப வருகிறது. அதற்குப் பின்னால் ஒரு நிர்வாக மாற்றம் இருக்கிறது. பாளையக்காரர்கள் தங்கள் எல்லைக்கு வெளியே இருந்த ஊர்களிலும் காவல் பொறுப்பை ஏற்று, அதற்காகத் தேசகாவல் என்ற வரி வாங்கி வந்தார்கள். திருட்டுப் போனால் ஈடு கொடுப்பதும் காவலின் பகுதி. 1792 உடன்படிக்கையின்படி பாளையக்காரர்களிடம் பேஷ்குஷ் என்ற கப்பத்தை வசூலிக்கும் உரிமை ஆற்காட்டு நவாபிடமிருந்து கம்பெனிக்கு வந்தது. அதே கம்பெனி, தன் வரி ஊர்களில் பாளையக்காரர் ஆட்கள் காவல் வரி கேட்பதைச் சட்டவிரோத வசூலாகப் பார்த்தது. காவல் வசூலில் வன்முறையும் இருந்தது. ஊர்க்காரர்கள் அதில் அடிபட்டார்கள், அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் கொள்ளை என்று எழுதப்பட்ட ஒவ்வொரு இடத்திலும் எந்த ஊர், என்ன எடுத்தார்கள், அந்த ஊர் முன்பு யாருக்குக் காவல் வரி கொடுத்தது என்று கேட்டுப் பார்க்க வேண்டும். சில இடங்களில் அது சூறையாடலாக இருக்கும். பல இடங்களில் பழைய வரியாக இருக்கும்.

1801 போரைப் பற்றிய சான்றுகள் வேறு மாதிரியானவை. பிப்ரவரி 2 அன்று கட்டபொம்மனின் வாய் பேசாத தம்பி ஊமைத்துரை பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பினார். இடித்த கோட்டை சில நாள்களில் மறுபடி எழுந்தது. மார்ச் 31 தாக்குதலில் கம்பெனிப் படை தோற்றுத் திரும்பியது. மே 24 அன்று கர்னல் அக்னியூ கோட்டையைப் பிடித்தார். அந்தப் படையில் இருந்த ஜேம்ஸ் வெல்ஷ் தன் நினைவுக் குறிப்புகளை 1830இல் வெளியிட்டார். சம்பவத்துக்கும் அச்சுக்கும் நடுவில் ஏறத்தாழ முப்பது ஆண்டு. இடையில் அவர் மரியாதை பெற்ற மூத்த அதிகாரி ஆகிவிட்டார். தோற்றவர்களைப் புகழ்வதால் அவருக்கு இனி ஒன்றும் குறையாது. சின்ன மருது தனக்கு ஈட்டி எறியவும் வளரி வீசவும் கற்றுக்கொடுத்ததை அவர் நன்றியோடு எழுதுகிறார். அந்தப் பரிவு உண்மையானது என்றே நம்புகிறேன். அது வென்றவருக்கு மட்டும் கிடைக்கும் வசதி என்பதையும் மறக்கக் கூடாது.

அவர் சொல்லும் செய்திகளில் என்னை விடாமல் பிடித்துக்கொண்டது ஒரு தாயின் கதை. கோட்டை விழுந்த பின் குவிந்து கிடந்த பிணங்களுக்கு நடுவே மகனைத் தேடி வந்த பெண் ஒருத்தி, படுகாயத்தோடு கிடந்த ஊமைத்துரையைக் கண்டு வீட்டுக்குக் கொண்டுபோய்க் காப்பாற்றுகிறாள். எட்டயபுரத்து ஆட்கள் தேடி வந்தபோது உடலைத் துணியால் மூடி, அம்மையில் இறந்துபோன பையன் என்று சொல்லித் திருப்பி அனுப்புகிறாள். அம்மைக்கு ஊர் காட்டும் அச்சத்தையும் அடக்கத்தையும் அறிந்து செய்த காரியம். இந்தப் போரின் போக்கையே மாற்றிய செயல்களில் அது ஒன்று. ஊமைத்துரை உயிரோடு மருது சகோதரர்களிடம் போய்ச் சேர்ந்ததற்கு அதுவே காரணம். செயல் அச்சேறியது. பெயர் ஏறவில்லை. வெல்ஷுக்கு அந்தப் பெயர் தேவைப்படவில்லை.

அதே ஆண்டு ஜூன் 16 அன்று திருச்சிக் கோட்டையிலும் ஸ்ரீரங்கம் கோயில் மதிலிலும் சின்ன மருதுவின் அறிக்கை ஒட்டப்பட்டது. சாதி, சமயம் கடந்து எல்லாரும் ஐரோப்பியருக்கு எதிராக எழ வேண்டும் என்று அழைத்த அறிக்கை. இதைக் கிழிப்பவர் கங்கைக் கரையில் காராம்பசுவைக் கொன்ற பாவத்தை அடைவார் என்று அதன் முடிவில் சாபம் இருந்தது. அந்த வாசகம் இன்று நமக்குக் கிடைப்பது கம்பெனிப் பதிவேடுகளின் வழியே, ஆங்கிலத்தில். நாம் தமிழில் படிப்பது அதிலிருந்து திரும்பப் பெயர்த்தது. அதன் கருத்தை நம்பலாம், தனிச் சொற்களை வைத்து வாதம் கட்டக் கூடாது.

இந்த ஓட்டைகளை அடைக்கக் கதைப்பாடலுக்குப் போகலாமா? போக வேண்டும், அதையும் அதே கண்டிப்போடு அணுக வேண்டும். நா. வானமாமலை பதிப்பித்த கட்டபொம்மு கதைப்பாடலில் தாள்களில் இல்லாத ஆட்கள், உறவுமுறைகள், அவமானங்கள், நகைச்சுவை எல்லாம் வருகின்றன. தேதிக்கும் தொகைக்கும் அது உதவாது. யார் யாருக்கு எப்படிக் கடமைப்பட்டிருந்தார்கள், மக்கள் எதைத் துரோகம் என்று எண்ணினார்கள் என்பதற்கு அதைவிட நல்ல சான்று இல்லை. பாடியவர்கள் காலந்தோறும் சேர்த்தும் விட்டும் பாடினார்கள். கேட்க வந்த ஊர் எந்தச் சாதியைச் சேர்ந்தது என்பது, எந்தத் தளபதியின் கதை நீள வேண்டும் என்பதையும் முடிவு செய்தது. நினைவின் மேல் அதிகாரம் வெள்ளைக்காரரிடம் மட்டும் இருந்ததில்லை. பாஞ்சாலங்குறிச்சியில் இன்று நிற்கும் கோட்டை 1974இல் தமிழக அரசு கட்டிய நினைவுச் சின்னம். அதன் சுவரை 1799இன் சுவர் என்று நினைத்துப் பார்த்துவிட்டுப் போகிறவர்கள் உண்டு.

பழைய கோட்டையைக் கம்பெனி வெறுமனே இடித்துவிட்டுப் போகவில்லை. தரைமட்டமாக்கி, உழுது, ஆமணக்கு விதைத்தார்கள். பாஞ்சாலங்குறிச்சி என்ற பெயரையே மாவட்டக் கணக்குகளிலிருந்து நீக்க உத்தரவு போட்டார்கள். பாளையத்தின் ஊர்களை எட்டயபுரம் முதலான விசுவாசிகளுக்குப் பங்கிட்டார்கள். பெயரை நீக்குவது வெறும் பழிவாங்கல் அன்று, நிர்வாகக் காரியம். கணக்கில் ஊர் இல்லையென்றால் அதன் மேல் பழைய உரிமை கோரி யாரும் மனுப் போட முடியாது. அதனால் 1801க்குப் பிறகு அந்த ஊரின் வரலாற்றைத் தேடுவோர் அந்தப் பெயரில் தேடக் கூடாது. யாருக்குக் கிராமங்கள் கொடுக்கப்பட்டனவோ அந்த ஜமீன் கணக்குகளில் தேட வேண்டும். அருகிலேயே, கோட்டையைத் தாக்கி இறந்த ஆங்கில அதிகாரிகளின் கல்லறைகள் பெயர், படைப்பிரிவு, தேதியோடு நின்றன. அந்தப் படையில் பெரும்பாலோர் இந்தியச் சிப்பாய்கள். கம்பெனியின் சேதப் பட்டியல்கள் ஐரோப்பிய அதிகாரிகளைப் பெயரால் குறிக்கும், சிப்பாய்களை எண்ணிக்கையால் குறிக்கும். கல்வெட்டு அந்தப் பட்டியலின் தொடர்ச்சி.

எண்ணிக்கையையும் அப்படியே நம்பிவிட முடியாது. 1756 ஜூன் 20 இரவு, கல்கத்தாக் கோட்டையைப் பிடித்த வங்காள நவாபின் ஆட்களால் ஓர் அறையில் கம்பெனித் தரப்பினர் 146 பேர் அடைக்கப்பட்டு 123 பேர் இறந்ததாக உயிர் தப்பிய ஹால்வெல் எழுதினார். அறை ஏறத்தாழ 18 அடிக்கு 15 அடி. ஒருவருக்கு இரண்டு சதுர அடியும் இல்லை. பிற்கால ஆய்வாளர்கள் அடைபட்டவர்கள் 64 பேர் அளவில் இருக்கலாம் என்று குறைத்தார்கள். ஆனால் அதற்குள் 123 என்ற எண் நினைவுத்தூண் ஏறிவிட்டது. பழைய தூண் சிதைந்து அகற்றப்பட்ட பிறகு, வைஸ்ராய் கர்சன் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் புதிதாக ஒன்றை நட்டார். 1940இல் சுபாஷ் சந்திர போஸ் போராட்டம் அறிவித்த பிறகே அது அந்த இடத்தை விட்டு நகர்ந்தது. எத்தனை பேர் சாட்சி, அவர்களில் எத்தனை பேர் தனித்தனியாக எழுதினார்கள், அறையில் அத்தனை பேர் நிற்க முடியுமா: ஓர் எண்ணை ஏற்குமுன் இந்த மூன்றையும் கேட்டால் போதும்.

பானர்மேன் இவ்வளவு வெளிப்படையாக எழுதியதற்குக் காரணம், கவுன்சிலைத் தவிர வேறு யாரும் படிப்பார்கள் என்று அவர் நினைக்காததுதான். நாம் படிப்போம் என்பது பிற்கால அதிகாரிகளுக்குத் தெரிந்துவிட்டது. 1961இல் பிரிட்டனின் காலனிச் செயலர் இயன் மெக்லியோட், விடுதலை பெறவிருந்த நாடுகளில் எந்தக் கோப்புகளை விட்டுவரக் கூடாது என்று வழிகாட்டுதல் அனுப்பினார். பிரிட்டிஷ் அரசுக்கோ காவல்துறைக்கோ சங்கடம் தரக்கூடியவை, தகவல் கொடுத்தவர்களைக் காட்டிக்கொடுக்கக்கூடியவை, புதிய அமைச்சர்கள் தவறாகப் பயன்படுத்தக்கூடியவை என்று வகை பிரித்தார்கள். இரகசியக் கோப்புகள் 'வாட்ச்' என்றும், புதிய அரசிடம் கொடுக்கத் தக்கவை 'லெகசி' என்றும் பிரிக்கப்பட்டன. 'வாட்ச்' கோப்பை ஐரோப்பிய வம்சாவளிப் பிரிட்டிஷ் அதிகாரிகள் மட்டுமே தொடலாம். எரித்தால் சாம்பலையும் கலைத்து நொறுக்க வேண்டும். கடலில் போட்டால் எடை கட்டிய பெட்டியில், கரைக்கு வெகு தொலைவில், நீரோட்டம் இல்லாத ஆழத்தில் போட வேண்டும்.

எரிக்காமல் பிரிட்டனுக்குக் கொண்டுபோன கோப்புகள் பக்கிங்ஹாம்ஷயரில் ஹான்ஸ்லோப் பார்க் என்ற இடத்தில் பூட்டிக் கிடந்தன. பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிரான மௌ மௌ போராட்டக் காலத்தில் சித்திரவதைக்கு ஆளான கென்ய முதியவர்கள் தொடுத்த வழக்கில்தான், 2011இல், அவை இருப்பதே வெளியே வந்தது. 2013 ஜூனில் 5,228 பேருக்கு 1.99 கோடி பவுண்டு தர பிரிட்டிஷ் அரசு ஒப்புக்கொண்டது. அவர்கள் அரை நூற்றாண்டாகச் சொல்லிவந்த சாட்சியம் ஒரு பக்கம் இருக்க, அதிகாரிகளின் சொந்தத் தாள் வெளிவந்த பிறகே வழக்கு நகர்ந்தது. இது எனக்கு இன்னும் கோபம் தருகிறது.

அந்தக் கோப்புகள் இப்போது லண்டன் கியூ ஆவணக் காப்பகத்தில் எஃப்.சி.ஓ. 141 என்ற வரிசையில் திறந்திருக்கின்றன. அதைப் பயன்படுத்துவோர் நாட்டின் பெயரை வைத்துத் தேடிக் கிடைத்த கோப்புகளோடு நின்றுவிடக் கூடாது. கோப்புகளை அழித்ததற்கு அதிகாரிகள் சான்றிதழ் எழுதி அனுப்ப வேண்டியிருந்தது. அப்படி எழுதியவற்றில் ஒரு பகுதி அதே வரிசையில் தப்பியிருக்கிறது. எந்தத் துறை, எந்த மாதம், எந்தப் பொருள் என்று அந்தச் சான்றிதழ்கள் சொல்லும் வரிகளை முதலில் குறித்துக்கொண்டு, அதே மாதத்துக் கோப்புகளைப் பக்கத்துத் துறையிலும், மாவட்ட அலுவலர் பதிவுகளிலும், மிஷனரிக் கடிதங்களிலும், செய்தித்தாளிலும் தேட வேண்டும். ஒரு கடிதத்துக்கு எப்போதும் இரண்டு முனைகள் உண்டு. அனுப்பியவர் எரித்த நகல், பெற்றவரின் பெட்டியில் எரியாமல் இருக்கும் வாய்ப்பு நிறையவே இருக்கிறது.